இல்லாத ஒருத்தியின் பிள்ளைக் கணக்கு

சிங்கப்பூரின் தேக்கா வட்டாரத்துக்கு எட்டிய தூரத்தில் இருக்கும் கேகே மகப்பேற்று மருத்துவமனையின் பழைய முழுப்பெயர் கண்டாங் கெர்பாவ். மலாய் மொழியில் எருமைத் தொழுவம் என்று பொருள். நம்மவர்கள் மாடு வளர்த்த வட்டாரம் அது. 1966ஆம் ஆண்டில் அந்த ஒரு மருத்துவமனையில் மட்டும் 39,835 குழந்தைகள் பிறந்தன. கின்னஸ் சாதனைப் புத்தகத்தில் இடம்பெற்ற எண்ணிக்கை அது. அப்போது தீவின் மொத்த மக்கள்தொகை 2 மில்லியனைக்கூடத் தொடவில்லை. 2024ஆம் ஆண்டில் மக்கள்தொகை 6 மில்லியனைத் தாண்டிவிட்டது. அந்த ஆண்டு தீவு முழுவதிலும், அரசாங்க மருத்துவமனை, தனியார் மருத்துவமனை எல்லாவற்றையும் சேர்த்துப் பிறந்த குழந்தைகள் 33,703.

மக்கள் மூன்று மடங்கானார்கள். பிள்ளைகளோ அன்று ஒரு கட்டடத்துக்குள் பிறந்த அளவுக்குக்கூட இல்லை. இதைச் சொன்னதும் எல்லாரும் அடுத்து ஓர் எண்ணுக்குத் தாவுவார்கள்: 0.97. சிங்கப்பூரின் மொத்தக் கருவள விகிதம் 2023இல் முதன்முறையாக ஒன்றுக்குக் கீழே இறங்கி அந்த எண்ணுக்கு வந்தது. 2024இலும் அதிலேயே நின்றது. “ஒரு பெண்ணுக்கு ஒரு பிள்ளைகூட இல்லை” என்று கோப்பிக் கடையிலும் திருமண விருந்திலும் அதை மொழிபெயர்க்கிறோம். அந்த மொழிபெயர்ப்பு பாதி சரி, பாதி தவறு. தவறான பாதியில்தான் செய்தியே ஒளிந்திருக்கிறது.

பிறப்பை எண்ணுவது சிங்கப்பூரில் எளிது. பிறந்த 42 நாள்களுக்குள் பதிவு செய்தாக வேண்டும். 2022 மே மாத இறுதியிலிருந்து சான்றிதழே மின்னிலக்க வடிவத்தில்தான் வருகிறது. அநேகமாக எந்தக் குழந்தையும் கணக்கிலிருந்து தப்புவதில்லை. பெரிய நாடுகளில் இந்த வசதி கிடையாது. தமிழ்நாட்டின் விகிதத்தைப் பற்றிப் பேசும்போது ஒருவர் 1.8 என்பார், இன்னொருவர் 1.4 என்பார். இருவரும் பொய் சொல்லவில்லை. 2019–21இல் நடந்த ஐந்தாவது தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பு வீடுவீடாகச் சென்று பெண்களிடமே பிள்ளைப்பேற்று வரலாற்றைக் கேட்டு 1.8 என்றது. மாதிரிப் பதிவு முறை, தேர்ந்தெடுத்த சில பகுதிகளில் பிறப்புகளைத் தொடர்ந்து கண்காணித்து, 2020க்கு 1.4 என்றது. முதலாவது, கணக்கெடுப்புக்கு முந்தைய மூன்று ஆண்டுகளைப் பற்றி நினைவிலிருந்து வாங்கிய பதில். இரண்டாவது, ஓர் ஆண்டின் நேரடிப் பதிவு. எண்ணைச் சொல்பவரிடம் எப்படி எண்ணினீர்கள் என்று கேட்காவிட்டால் அந்த வாக்குவாதம் முடியவே முடியாது.

ஆக, பின்னத்தின் மேலே இருக்கும் பிறப்பு எண்ணில் சிங்கப்பூருக்குச் சிக்கல் இல்லை. எதனால் வகுப்பது என்பதில்தான் எல்லாச் சிக்கலும்.

பழைய முறை, பிறப்புகளை மொத்த மக்கள்தொகையால் வகுத்து ஆயிரத்துக்கு இத்தனை என்று சொல்வது. பச்சைப் பிறப்பு விகிதம் என்று இதற்குப் பெயர். இது எவ்வளவு ஏமாற்றும் என்பதற்கு நம் சமூகத்தின் வரலாற்றைவிட நல்ல சாட்சி இல்லை. 1931ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்போது சிங்கப்பூர் இந்தியர்களில் ஒரு பெண்ணுக்கு ஏறத்தாழ ஐந்து ஆண்கள் இருந்தார்கள். துறைமுகத்துக்கும் சாலை வேலைக்கும் நகராட்சிக்கும் ஆள் வந்தது. குடும்பம் ஊரிலேயே இருந்தது. புரிவதற்காக ஒரு கற்பனைக் கணக்கு: 600 இந்தியர்களில் 500 பேர் ஆண்கள், 100 பேர் பெண்கள். சிறுமிகளையும் முதியவர்களையும் கழித்தால் பிள்ளை பெறும் வயதில் 60 பேர் இருக்கட்டும். அந்த ஆண்டில் 12 குழந்தைகள் பிறந்தால் பச்சை விகிதம் ஆயிரத்துக்கு 20. சிறிய குடும்பம் வைத்துக்கொண்ட சமூகம் என்று தோன்றும். அதே 12 குழந்தைகளை அந்த 60 பெண்களால் வகுத்துப் பாருங்கள். ஆயிரத்துக்கு 200. ஐந்து பெண்களில் ஒருத்தி அந்த ஆண்டு பிரசவித்திருக்கிறாள். ஒரே குழந்தைகள், ஒரே ஆண்டு, இரண்டு சமூகங்கள் போலக் காட்சி.

தலைப்பிரசவத்துக்குத் தாய்வீட்டுக்கு அனுப்பும் வழக்கத்தையும் இதோடு சேர்த்துக்கொள்ளுங்கள். கப்பலேறி நாகப்பட்டினம் போய்ப் பிள்ளை பெற்றுத் திரும்பிய பெண், இங்குள்ள பிறப்புப் பதிவேட்டில் பிள்ளை பெறாதவள். பதிவேடு தாய்மையை எழுதுவதில்லை, பிறந்த இடத்தைத்தான் எழுதுகிறது.

இந்தக் குழப்பத்திலிருந்து தப்பிக்கத்தான் மக்கள்தொகையியலாளர்கள் ஒரு கற்பனைப் பெண்ணை உருவாக்கினார்கள். அவளுக்கு இப்போது 15 வயது. 49 முடியும்வரை அவள் உயிரோடு இருப்பாள். ஒவ்வொரு வயதிலும், இந்த ஆண்டில் அந்த வயதில் உள்ள பெண்கள் எந்த வேகத்தில் பிள்ளை பெற்றார்களோ அதே வேகத்தில் அவளும் பெறுவாள். அவளுக்குக் கடைசியில் எத்தனை பிள்ளைகள் என்பதுதான் மொத்தக் கருவள விகிதம்.

கணக்கைப் போட்டுப் பார்த்துவிடுவது நல்லது. இவை அதிகாரபூர்வ எண்கள் அல்ல. நானே வைத்துக்கொண்டவை, வடிவம் மட்டும் இன்றைய சிங்கப்பூரைப் போன்றது. ஆயிரம் பெண்களுக்கு ஓர் ஆண்டில் 15–19 வயதில் 2 பிறப்புகள், 20–24இல் 10, 25–29இல் 45, 30–34இல் 85, 35–39இல் 45, 40–44இல் 8, அதற்குமேல் ஏதுமில்லை என்று கொள்வோம். கூட்டினால் 195. ஒவ்வொரு வயதுப் பிரிவிலும் அவள் ஐந்து ஆண்டுகள் இருப்பாள், எனவே ஐந்தால் பெருக்கினால் 975. அது ஆயிரம் பெண்களுக்கு. ஒருத்திக்கு 0.975. நாளிதழின் முதல் பக்கத்துக்கு வரும் எண் இப்படித்தான் பிறக்கிறது. கூட்டலும் பெருக்கலும் தெரிந்தால் போதும்.

இந்தக் கணக்கில் பெண்களின் எண்ணிக்கையும் வயதுக் கலவையும் தொல்லை தருவதில்லை. அது பெரிய ஆதாயம். ஆனால் ஒரு விலை கொடுத்துத்தான் அது கிடைக்கிறது: அந்தக் கற்பனைப் பெண்ணைப் போல வாழ்ந்தவள் எவளும் இல்லை. இன்று 22 வயதுள்ளவளின் வேகத்தையும் இன்று 38 வயதுள்ளவளின் வேகத்தையும் அவள் ஒரே வாழ்க்கையில் அடுக்கிக்கொள்கிறாள். இவர்கள் இருவரும் வேறு வேறு காலத்துப் பிள்ளைகள். 38 வயதுக்காரி தன் 22 வயதில் வேறு மாதிரி இருந்திருப்பாள். 22 வயதுக்காரி 38ஐ அடையும்போது என்ன செய்வாள் என்பதை அவளே இன்னும் அறியமாட்டாள்.

ஒரு விபரீதக் கற்பனை. நாட்டிலுள்ள எல்லாப் பெண்களும் இந்த ஆண்டு வேண்டாம், அடுத்த ஆண்டு பார்த்துக்கொள்ளலாம் என்று ஒரே நேரத்தில் தள்ளிப்போட்டால் இந்த ஆண்டின் விகிதம் சுழியம். ஆனால் எல்லாரும் கடைசியில் இரண்டு பிள்ளைகள் பெற்றிருப்பார்கள். விகிதம் சுழியம் என்று அறிவித்த நாளில் எத்தனை கட்டுரைகள் எழுதப்பட்டிருக்கும்! தள்ளிப்போடுதல் நீடிக்கும் காலம் முழுவதும் விகிதம் உண்மையைவிடத் தாழ்வாகவே காட்டும். இதைச் சரிசெய்ய மக்கள்தொகையியலாளர்கள் ஜான் போங்கார்ட்ஸும் கிரிஃபித் ஃபீனியும் 1998இல் ஒரு சூத்திரம் தந்தார்கள். தாயின் சராசரி வயது ஆண்டுக்கு 0.1 கூடிக்கொண்டே போனால் விகிதத்தை 0.9ஆல் வகு என்பது அதன் சாரம். முதல் பிள்ளை, இரண்டாம் பிள்ளை என்று தனித்தனியே செய்ய வேண்டும். மொத்தமாக வகுத்துப் பார்த்தால் 0.97 என்பது 1.08 ஆகும். ஆறுதல் கொஞ்சம்தான். தள்ளிப்போடுதல் ஒரு பங்கை விளக்குகிறது, முழுவதையும் அல்ல.

நேரத்தை மாற்றுவதால் எண் எப்படி ஆடும் என்பதைச் சிங்கப்பூர் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை கண்ணாலேயே பார்த்திருக்கிறது. சீன நாட்காட்டியின் கடல்நாக ஆண்டில் பிறக்கும் பிள்ளை அதிர்ஷ்டசாலி என்பது நம்பிக்கை. புலி ஆண்டு அவ்வளவு விரும்பப்படுவதில்லை. புலி ஆண்டான 1986இல் விகிதம் 1.43. கடல்நாக ஆண்டான 1988இல் 1.96. அடுத்த ஆண்டே 1.75. அதன்பின் 1999இல் 1.47, கடல்நாகம் வந்த 2000இல் 1.60, 2001இல் 1.41. மீண்டும் 2011இல் 1.20, 2012இல் 1.29, 2013இல் 1.19. கடல்நாகம் எழுப்பும் அலை ஒவ்வொரு சுற்றிலும் சிறுத்துக்கொண்டே வந்திருக்கிறது. 2024உம் கடல்நாக ஆண்டுதான். விகிதம் அசையவே இல்லை. என் பார்வையில் கடந்த சில ஆண்டுப் புள்ளிவிவரங்களில் மிகவும் கவனிக்கத்தக்கது இந்த அசையாமைதான். 0.97 என்ற எண்ணைவிட இது அதிகம் பேசுகிறது. நாளைக்கு என்று ஒத்திவைத்தவர்கள் நல்ல ஆண்டு வந்தால் ஓடிவருவார்கள். ஓடிவர ஆள் இல்லையென்றால், ஒத்திவைத்தவர்களின் வரிசையே குறைந்துவிட்டது என்று சந்தேகிக்க இடமிருக்கிறது.

1988இன் ஏற்றத்தைப் பற்றி ஓர் எச்சரிக்கையும் சொல்லியாக வேண்டும். அதற்கு முந்தைய ஆண்டு மார்ச் மாதம்தான், அதுவரை குறைவாகப் பெறச் சொன்ன அரசாங்கம் கொள்கையைத் தலைகீழாக்கிக் கூடுதலாகப் பெறச் சொன்னது. கடல்நாகத்தின் பங்கு எவ்வளவு, அமைச்சரின் அறிவிப்பின் பங்கு எவ்வளவு என்று பிரித்துக் காட்ட அந்த ஒரு விகிதத்தால் முடியாது.

நம்மிடமும் இப்படி ஒரு வழக்கம் உண்டே என்று கேட்கலாம். சித்திரை வெயிலில் பிரசவம் வேண்டாம் என்று ஆடி மாதத்தில் புதுமணத் தம்பதியைப் பிரித்துவைக்கும் வழக்கம். அது விகிதத்தில் தெரியாது. ஒரு மாதத் தாமதம் ஒரே ஆண்டுக்குள்ளேயே பெரும்பாலும் அடங்கிவிடும்; ஆண்டுக் கணக்கின் வலைக்கண்ணில் அது நழுவிவிடுகிறது. மாதவாரியாகப் பிறப்புகளை அடுக்கிப் பார்ப்பவர்தான் அதைத் தேட முடியும். வெயிலே மாறாத இந்தத் தீவில் ஆடிக்கு அஞ்சிப் பிரிந்திருப்பவர்கள் இன்னும் எத்தனை பேர் என்பது வேறு கேள்வி.

கற்பனைப் பெண்ணை விட்டுவிட்டு உண்மையான பெண்களிடம் வருவோம். பிள்ளை பெறும் காலத்தை ஏறக்குறைய முடித்துவிட்டவர்களிடம் எத்தனை பிள்ளைகள் என்று கேட்பதே நேரான வழி. 2020ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் திருமணமான அல்லது ஒருகாலத்தில் திருமணமாகியிருந்த, 40 முதல் 49 வயதுள்ள பெண்களுக்குச் சராசரியாக 1.76 பிள்ளைகள். 2010இல் அதே வயதினருக்கு 2.02. இறங்கியிருக்கிறது, ஆனாலும் 0.97க்கு அருகில் எங்கும் இல்லை. பிள்ளையே இல்லாதவர்கள் இந்தப் பிரிவில் 9.3 விழுக்காட்டிலிருந்து 13.5 விழுக்காடாக உயர்ந்திருக்கிறார்கள்.

1.76க்கும் 0.97க்கும் இடையே இவ்வளவு பெரிய பள்ளம் ஏன்? ஒரு காரணம் தலைமுறை. 40களில் இருந்தவர்கள் முந்திய காலத்தவர்கள். இன்னொன்று மேலே சொன்ன தள்ளிப்போடுதல். மூன்றாவதுதான் பெரியது: 1.76இன் கணக்கில் திருமணமே ஆகாதவர்கள் இல்லை, 0.97இன் கணக்கில் அவர்கள் எல்லாரும் இருக்கிறார்கள். 2010இல் 25–29 வயதுப் பெண்களில் 54 விழுக்காட்டினர் மணமாகாதவர்கள். 2020இல் 69 விழுக்காட்டினர். அதே வயது ஆண்களில் 81.6 விழுக்காட்டினர். திருமணத்துக்கு வெளியே பிள்ளைப்பேறு மிகக் குறைவாக உள்ள சமூகம் இது. எனவே திருமணம் என்ற வாசலைத் தாண்டாதவர்கள் வகுக்கும் எண்ணில் மட்டும் நின்று மேலே ஏதும் சேர்க்காமல் விகிதத்தை இழுத்துத் தாழ்த்துகிறார்கள்.

இதிலிருந்து எனக்கு ஒன்று தெளிவாகிறது. குழந்தை போனஸ், மகப்பேறு விடுப்பு, தந்தையர் விடுப்பு எல்லாம் பெரும்பாலும் ஏற்கெனவே திருமணம் செய்துகொண்டவர்களுக்குப் போய்ச் சேருகின்றன. 2001இல் தொடங்கிய குழந்தை போனஸ், 2023 பிப்ரவரிக்குப் பிறகு பிறந்த பிள்ளைகளுக்கு முதலாவதற்கும் இரண்டாவதற்கும் தலா 11,000 வெள்ளி, மூன்றாவதிலிருந்து 13,000 வெள்ளி. தந்தையர் விடுப்பு 2025 ஏப்ரல் முதல் நான்கு வாரம். இவை தேவையில்லை என்று சொல்ல மாட்டேன். நடு இரவில் பால் கரைத்தவர் எவரும் சொல்ல மாட்டார். ஆனால் ஓட்டை பெரிதாக இருக்கும் இடம் திருமணத்துக்கு முந்தைய பத்து ஆண்டு. அந்தப் பத்து ஆண்டில் படிப்பு, வேலை, வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீட்டுக்கான காத்திருப்பு, பெற்றோரின் மருத்துவச் செலவு எல்லாம் இருக்கின்றன. அதற்கு எந்தப் போனஸும் கிடையாது.

தமிழ்க் குடும்பங்களில் இன்னொரு நுணுக்கம் உண்டு. திருமணத்துக்கும் முதல் பிள்ளைக்கும் இடையிலான கால அளவைப் படிப்பவர்கள் இதில் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். வீட்டுக்காகவோ வேறு வசதிக்காகவோ பதிவுத் திருமணத்தை முன்கூட்டியே முடித்துவிட்டு, ஓராண்டோ இரண்டாண்டோ கழித்துக் கோயிலில் தாலி கட்டி, அதன்பிறகே சேர்ந்து வாழ்பவர்கள் பலர். அரசாங்கப் பதிவேட்டில் அவர்கள் அன்றே கணவன் மனைவி. அத்தைமார்களின் பதிவேட்டில் இல்லை. பிள்ளை ஏன் தாமதம் என்று அரசாங்கக் கணக்கு கேட்கும் அந்த இரண்டு ஆண்டும் அவரவர் தத்தம் பெற்றோர் வீட்டிலேயே இருந்திருப்பார்கள்.

கொள்கை தலைகீழானது என்றேனே, அந்தக் கதைக்கு வருகிறேன். 1966இல் குடும்பக் கட்டுப்பாடு, மக்கள்தொகை வாரியம் அமைக்கப்பட்டது; கேகே மருத்துவமனை சாதனை படைத்த அதே ஆண்டு. 1972இல் இரண்டோடு நிறுத்துவோம் என்ற இயக்கம். சுவரொட்டியோடு நிற்கவில்லை. பிள்ளைகளின் எண்ணிக்கை கூடக்கூடப் பிரசவக் கட்டணம் கூடியது. 1973இலிருந்து மூன்றாவது பிள்ளைக்குச் சம்பளத்துடன் மகப்பேறு விடுப்பு இல்லை. தொடக்கப்பள்ளிச் சேர்க்கையில் நான்காவது பிள்ளை வரிசையின் கடைசிக்குப் போனது. 1960இல் 5.76ஆக இருந்த விகிதம் 1970இல் 3.07க்கு வந்து, 1975இல் 2.1 என்ற கோட்டுக்குக் கீழே இறங்கியது.

2.1 ஏன், 2 ஏன் இல்லை? நூறு பெண் குழந்தைகளுக்கு ஏறத்தாழ 105 ஆண் குழந்தைகள் பிறக்கிறார்கள். பிறந்த பெண்களில் சிலர் தாயாகும் வயதை எட்டுவதில்லை. ஒருத்தி தன் இடத்துக்கு ஒரு மகளை விட்டுச்செல்ல இரண்டுக்குச் சற்று மேல் பெற வேண்டும். மாற்றீட்டு நிலை என்பது இதுதான். குழந்தை இறப்பு அதிகமாக இருந்த காலத்தில் இந்தக் கோடு இன்னும் உயரத்தில் இருந்தது. 1950இல் சிங்கப்பூரில் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 80க்கு மேற்பட்டவை முதல் பிறந்தநாளைக் காணவில்லை; இப்போது இரண்டு, மூன்று. நம் பாட்டிமார் எட்டுப் பெற்று ஐந்தைக் காப்பாற்றியதைப் பெருமையாக அல்ல, கணக்காகவே சொன்னார்கள்.

1975இல் கோட்டைத் தாண்டிய பிறகும் இயக்கம் பத்து ஆண்டுக்கு மேல் நடந்தது. பின்னாளில் இதைச் சொல்லிச் சிரிப்பது எளிது. அன்றைக்கு மேசையில் இருந்த தாள்களைப் பாருங்கள்: 1976 கடல்நாக ஆண்டு, விகிதம் 2.11க்கு ஏறியது, 1977இல்தான் 1.82க்கு விழுந்தது. கூடவே, போருக்குப் பின் பிறந்த பெருங்கூட்டம் அப்போதுதான் பிள்ளை பெறும் வயதுக்குள் நுழைந்துகொண்டிருந்தது. ஒவ்வொருத்தியும் குறைவாகப் பெற்றாலும் பெறுபவர்கள் அதிகம். பிரசவ அறைகள் நிரம்பி வழிந்தபோது நாடு சுருங்கத் தொடங்கிவிட்டது என்று யார் நம்புவார்கள்?

1983ஆம் ஆண்டு தேசிய தினக் கூட்ட உரையில் அன்றைய பிரதமர் லீ குவான் இயூ, 1980 கணக்கெடுப்பின் அட்டவணைகளைக் கையில் எடுத்துக்கொண்டு, படித்த பெண்கள் திருமணமாகாமல் இருப்பதையும் குறைவாகப் பெறுவதையும் பேசினார். மறுஆண்டு பட்டதாரித் தாய்மாரின் பிள்ளைகளுக்குப் பள்ளிச் சேர்க்கையில் முன்னுரிமை தரும் திட்டம் வந்தது. எதிர்ப்பு கிளம்பவே 1985இல் கைவிடப்பட்டது. அட்டவணையில் தவறு இல்லை. படிப்புக்கும் பிள்ளை எண்ணிக்கைக்கும் உள்ள தொடர்பைப் பிறப்பிலேயே வரும் அறிவுத் தரத்தின் கதையாக வாசித்ததில்தான் தவறு. 1987இல் அன்றைய முதல் துணைப் பிரதமர் கோ சோக் டோங், வசதியிருந்தால் மூன்றோ அதற்கு மேலோ பெற்றுக்கொள்ளுங்கள் என்று அறிவித்தார். இரண்டோடு நிறுத்தச் சொல்லி வளர்க்கப்பட்ட தலைமுறை அதைக் கேட்டுக்கொண்டது. பெற்றுக்கொண்டது என்று சொல்ல முடியவில்லை.

இனவாரி எண்களுக்கு நம்மவர்கள் தரும் கவனம் அதிகம், அவற்றை வாசிக்கும் முறையோ அவசரமானது. 2010இல் சீனர்களுக்கு 1.02, மலாய்க்காரர்களுக்கு 1.65, இந்தியர்களுக்கு 1.13. இதை வைத்துத் தமிழர்கள் பிள்ளை பெறுவதில்லை என்று மேடையில் முழங்குபவர்கள் உண்டு. முதலில், இந்தியர் என்ற பெட்டிக்குள் தமிழர் பாதிக்குச் சற்று அதிகம்தான். மலையாளிகள், பஞ்சாபியர், குஜராத்தியர், இந்தி பேசுவோர் எல்லாரும் உள்ளே. இரண்டாவது, வகுக்கும் எண்ணில் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள். சென்னையில் இரண்டு பிள்ளைகளைப் பெற்றுவிட்டு 33 வயதில் இங்கே வந்து நிரந்தரவாசியான ஒரு பெண்ணை எடுத்துக்கொள்வோம். அவள் பிள்ளைகள் புளோக்குக்குக் கீழே விளையாடுகிறார்கள், தமிழ் வகுப்புக்குப் போகிறார்கள். ஆனால் அந்தப் பிறப்புகள் சிங்கப்பூரில் நிகழ்ந்தவை அல்ல. 33 முதல் 49 வரை அவள் வகுக்கும் எண்ணில் மட்டும் இருப்பாள், பகுக்கப்படும் எண்ணில் ஏதும் சேர்க்காமல். குடியேறிகள் அதிகம் உள்ள ஒரு சமூகத்தின் விகிதத்தை இது தாழ்த்திக் காட்டும். எவ்வளவு தாழ்த்தும் என்பதைக் குடியேறிய வயதையும் பிள்ளைகள் பிறந்த நாட்டையும் சேர்த்துப் பார்க்காமல் யாரும் சொல்லிவிட முடியாது.

வகுக்கும் எண்ணில் இல்லாதவர்களைப் பற்றியும் ஒரு சொல். சிங்கப்பூரின் விகிதம் குடிமக்களுக்கும் நிரந்தரவாசிகளுக்கும் மட்டுமே கணக்கிடப்படுகிறது. இங்கே ஏறத்தாழ 300,000 இல்லப் பணிப்பெண்கள் இருக்கிறார்கள். பெரும்பாலோர் பிள்ளை பெறும் வயதினர். வேலை அனுமதி விதிகளின்படி அவர்கள் இங்கே பிள்ளை பெற முடியாது. அவர்களையும் சேர்த்து வகுத்தால் விகிதம் இன்னும் தாழும்; அப்படிச் சேர்ப்பது முறையல்ல என்பதால் விட்டுவிடுகிறார்கள். புள்ளிவிவரப்படி சரியான முடிவு. ஆனாலும் நம் வீடுகளில் பிறக்கும் 0.97 பிள்ளையைத் தூக்கி வளர்ப்பவர்களில் பலர், தங்கள் பிள்ளைகளை மியன்மாரிலோ இந்தோனீசியாவிலோ தமிழ்நாட்டிலோ விட்டுவிட்டு வந்த தாய்மார்கள் என்பதை எந்த அட்டவணையின் அடிக்குறிப்பும் சொல்வதில்லை.

இனி, முதலில் சொன்ன புதிருக்கு இன்னொரு முகம். மாற்றீட்டு நிலைக்குக் கீழே இறங்கி அரை நூற்றாண்டு ஆகிவிட்டது, இப்போது ஒன்றுக்கும் கீழே. அப்படியானால் இறப்புகள் பிறப்புகளை எப்போதோ முந்தியிருக்க வேண்டாமா? 2024இல் 33,703 பிறப்புகள், 26,442 இறப்புகள். இன்னும் பிறப்பே அதிகம். மாயம் ஏதும் இல்லை. இறக்கும் வயதில் இருப்பவர்கள் போருக்கு முன்னும் பின்னும் பிறந்தவர்கள், அப்போது தீவே சிறியது. பெறும் வயதில் இருப்பவர்களோடு, ஆண்டுக்கு இருபதாயிரத்துக்கு மேல் புதுக் குடிமக்கள் வந்து சேர்கிறார்கள். மக்கள்தொகை ஓடிவந்த வேகத்திலேயே கொஞ்ச தூரம் ஓடும், மிதிப்பதை நிறுத்திய மிதிவண்டி போல. குடிமக்களில் 65 வயதைக் கடந்தோர் 2014இல் 12.4 விழுக்காடு, 2024இல் 19.9 விழுக்காடு, 2030இல் நால்வரில் ஒருவரை நெருங்கும். பெருங்கூட்டம் முதுமையின் மேட்டில் ஏறியதும் இறப்பின் கோடு பிறப்பின் கோட்டைக் குறுக்கே வெட்டும்.

0.97 மாறாமலே இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு சிறு கணக்கு போதும். நூறு பெண்கள் 97 பிள்ளைகள் பெறுவார்கள், அவர்களில் ஏறத்தாழ 47 பேர் பெண்கள். அந்த 47 பேருக்கு 22 மகள்கள். பேத்தி தலைமுறையில் நூறுக்கு 22. தென்கொரியாவில் 2023இல் 0.72, அங்கே இந்தக் கணக்கு இன்னும் கொடியது. கணக்கு முன்கூட்டிச் சொல்வது விதியை அல்ல, வேகத்தை மட்டுமே. 1966இல் பிரசவ அறைகளின் வேகத்தைப் பார்த்துப் போட்ட கணக்கும் பலிக்கவில்லை.

கற்பனைப் பெண்ணை நம்பாமல் உண்மையான ஒரு தலைமுறையைப் பின்தொடர விரும்புவோருக்கு 1988 கடல்நாக ஆண்டில் பிறந்த பெண்களைப் பரிந்துரைக்கிறேன். அந்த ஆண்டு பிறப்புகள் ஏறத்தாழ 53,000. இரண்டு ஆண்டுக்கு முன் 38,000 அளவிலேயே இருந்தன. கூட்டமாகப் பிறந்ததால் தொடக்கப்பள்ளியில் நெருக்கியடித்து உட்கார்ந்தவர்கள், பல்கலைக்கழக இடத்துக்கும் வேலைக்கும் வீட்டுக்கும் வரிசையில் நின்றவர்கள். மூன்று பெற்றுக்கொள்ளுங்கள் என்ற அறிவிப்புக்குப் பின் வந்த முதல் முழு ஆண்டின் குழந்தைகளும் அவர்களே. 2024இன் கடல்நாக ஆண்டில் அவர்களுக்கு 36 வயது. அவர்கள் உண்மையில் எத்தனை பெற்றார்கள் என்ற கணக்கை 2038இல்தான் மூட முடியும்.